வீட்டுக்கு வரும் கால்நடை மருத்துவர்: கொடுத்த காசுக்கு என்ன கிடைத்தது?

விசிட்டுக்கு ஆயிரம் ரூபாய். மருந்து, ஊசி, லேப் செலவு எல்லாம் தனி. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இந்த மாதிரி ரிவ்யூவில் எல்லோரும் கீழே வரை தேடிக்கொண்டு போவது அதைத்தான். பக்கத்துத் தெருவில் முந்நூறு, நானூறில் முடிகிற வேலைக்கு எதற்கு ஆயிரம் என்று கேட்டால், நியாயமான கேள்விதான், அதற்குப் பதில் சொல்லத்தான் இவ்வளவு நீளமாக எழுத உட்கார்ந்தேன். டாக்டரின் பெயரையும் நம்பரையும் போடவில்லை. ஒரே ஆள், ஒரு ஸ்கூட்டர், முதுகில் ஒரு பை. கூட்டம் சேர்ந்தால் எங்களுக்கே அப்பாயின்ட்மென்ட் கிடைக்காது என்கிற சுயநலமும் இதில் இருக்கிறது. ஆனால் சென்னையில் இப்படி வீட்டுக்கு வருகிற கால்நடை மருத்துவர்கள் இப்போது நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களில் நல்லவரை எப்படிக் கண்டுபிடிப்பது என்று தெரிந்தால் போதும், பெயர் தேவைப்படாது.

எங்கள் வீட்டில் இருப்பவன் புலி. மஞ்சள் வரி போட்ட கடுவன் பூனை, ஐந்து வயது, குடும்பக் கட்டுப்பாடு ஆனவன். கீழே பார்க்கிங்கில் மணி இருக்கிறான், நாட்டு நாய், அபார்ட்மென்டுக்கே பொதுச்சொத்து. சோறு வைப்பது வாட்ச்மேன் அண்ணன், ஊசி மருந்துச் செலவை மட்டும் எங்கள் மாடியில் உள்ளவர்கள் பங்கு போட்டுக்கொள்கிறோம். இரண்டு பேரையும் பார்ப்பது இந்த டாக்டர்தான்.

வீட்டுக்கு வரவழைக்க ஆரம்பித்தது சோம்பலால் இல்லை, ஒரு சர்க்கரை ரிப்போர்ட்டால். வருடாந்திரத் தடுப்பூசிக்காகப் புலியை ஒரு கிளினிக்குக்குக் கொண்டுபோனோம். உட்கார இடமில்லை, அவனை அடைத்துக் கொண்டுபோன கேரியர் கூண்டைத் தரையில் வைத்தாயிற்று, எதிரே ஒரு ஜெர்மன் ஷெப்பர்டு மூக்கை நீட்டிக் கம்பி வழியாக மோந்து பார்த்துக்கொண்டே இருந்தது. உள்ளே போனால் வழுக்குகிற ஸ்டீல் மேஜை, ஸ்பிரிட் நெடி. ஒருவர் பிடரித் தோலைக் கொத்தாகப் பிடித்து அமுக்க, இன்னொருவர் ரத்தம் எடுத்தார். புலி வாயைத் திறந்து மூச்சு வாங்கினான், எச்சில் ஒழுகியது. சர்க்கரை அளவு எக்கச்சக்கம் என்று ரிசல்ட் வந்தது. சர்க்கரை வியாதி மாதிரி இருக்கிறது, இன்சுலின் ஆரம்பிக்கலாம் என்றார்கள்.

அந்த ரிப்போர்ட்டை இந்த டாக்டருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினோம். அவர் ரிப்போர்ட்டைப் பற்றி எதுவும் சொல்வதற்கு முன்னால் கேள்வியாகக் கேட்டார். தண்ணீர் அதிகம் குடிக்கிறானா? லிட்டர் பாக்ஸில், அதாவது அவன் ஒன்றுக்குப் போகிற மணல் தட்டில், மூத்திரம் பட்டு உறைகிற மணல் கட்டி முன்பைவிடப் பெரிதாக இருக்கிறதா? நன்றாகச் சாப்பிட்டும் இளைக்கிறானா? எதுவும் இல்லை. அப்புறம்தான், "ரத்தம் எடுக்கும்போது எப்படி இருந்தான்?" என்று கேட்டார். சொன்னோம்.

பூனை பயந்தால் அட்ரினலின் ஏறும், அது கல்லீரலில் சேர்த்து வைத்திருக்கிற சர்க்கரையை ரத்தத்தில் கொட்டும். ஓடவோ சண்டை போடவோ உடம்பு தயாராகிற ஏற்பாடு அது. நமக்கும் நடப்பதுதான், ஆனால் பூனைக்கு இது நடக்கிற அளவே வேறு, வியாதியே இல்லாத பூனைக்குச் சர்க்கரை வியாதிக்காரனின் எண் வந்துவிடும். அதனால் சந்தேகம் இருந்தால் ஃப்ரக்டோசமைன் என்று ஒரு பரிசோதனை பார்ப்பார்கள். நமக்கு மூன்று மாதச் சராசரிக்கு ஒரு டெஸ்ட் இருப்பதுபோல, இது கடந்த ஒன்றிரண்டு வாரத்தில் சர்க்கரை எப்படி இருந்தது என்று சொல்லும், அந்த அஞ்சு நிமிஷப் பயத்தால் இது மாறாது. டாக்டர் வீட்டுக்கு வந்து ரத்தம் எடுத்தார், லேபுக்கு அனுப்பினார், நார்மல். சர்க்கரை இல்லாத பூனைக்கு இன்சுலின் போட்டிருந்தால் சர்க்கரை பாதாளத்துக்கு இறங்கி வலிப்பு வந்திருக்கும், செத்தும் போயிருக்கலாம். ஆயிரம் ரூபாய்க்கு என்ன கிடைத்தது என்ற கேள்விக்கு என்னுடைய முதல் பதில் இதுதான்.

சர்க்கரை மட்டும் இல்லை. ரத்த அழுத்தம், இதயத் துடிப்பு எல்லாமே வீட்டில் ஒன்று, கிளினிக்கில் ஒன்று. மனிதர்களில் டாக்டரின் வெள்ளைக் கோட்டைப் பார்த்தால் பிரஷர் ஏறுகிற கதை எல்லோருக்கும் தெரியும், பூனைகளிலும் அதை அளந்து பார்த்திருக்கிறார்கள். ஆகவே "கடிக்கிற பூனையை எப்படியாவது பிடித்துக் கொடுத்தால் போதும், டாக்டர் பார்த்துக்கொள்வார்" என்கிற நினைப்பே சரியில்லை. பிடிக்கிற விதம் தப்பானால் டாக்டர் பார்க்கிற எண்ணும் தப்பாகிவிடுகிறது.

சரி, வீட்டுக்கு வந்தால் என்ன செய்கிறார்? முதலில் எதுவும் செய்வதில்லை, எங்கள் அம்மாவுக்கு அதுதான் எரிச்சல். வந்தார், செருப்பைக் கழற்றினார், கை கழுவினார், ஹாலில் தரையில் உட்கார்ந்தார். பையைத் திறந்து பக்கத்தில் வைத்துவிட்டு அம்மாவோடு பேச ஆரம்பித்துவிட்டார். புலி இருக்கிற பக்கம் திரும்பவே இல்லை. "டாக்டரம்மா, பூனை அங்கே டிவிக்குப் பின்னால இருக்கு" என்று அம்மா இரண்டு தரம் நினைவுபடுத்தினார். "இருக்கட்டும்மா, அவனே வரட்டும்" என்றார். பேசிக்கொண்டே அவர் கவனித்துக்கொண்டிருந்தது எனக்குப் பிறகுதான் தெரிந்தது, ஏனென்றால் கிளம்பும்போது எழுதிக்கொடுத்த குறிப்பில் "இடது பின்னங்காலை முழுசாக ஊன்றாமல் வைக்கிறான், அலமாரியிலிருந்து நேராகக் குதிக்காமல் நாற்காலி வழியாக இறங்குகிறான்" என்று இருந்தது. கிளினிக் மேஜையில் உறைந்துபோய் உட்கார்ந்திருக்கிற பூனை நொண்டுமா, குதிக்குமா என்று எந்த டாக்டராலும் பார்க்க முடியாது. நடக்க வைத்தால்கூட அது மூலையைத் தேடித்தான் ஓடும்.

புலி வந்தான். பையை மோந்தான், ஸ்டெதஸ்கோப் குழாயில் கன்னத்தைத் தேய்த்தான். அவர் ஒரு விரலை மூக்குக்கு நேராக நீட்டி அப்படியே வைத்திருந்தார், அவன் வந்து உரசியதும் தாடையில் மட்டும் சொறிந்தார், முதுகுக்கோ வயிற்றுக்கோ கை போகவில்லை. கண்ணை மெதுவாக மூடித் திறந்தார். இது ஏதோ மந்திரவாதம் மாதிரி இருக்கிறதே என்று நானும் நினைத்தேன். இங்கிலாந்தில் சசெக்ஸ் பல்கலைக்கழகத்தார் 2020இல் வெளியிட்ட ஆய்வில், இப்படிக் கண்ணை மெதுவாகச் சிமிட்டுகிற மனிதரிடம் பூனை பதிலுக்குச் சிமிட்டுவதும் கிட்டே வருவதும் அதிகம் என்று பார்த்திருக்கிறார்கள்.

எடை பார்க்கிற விதம் எனக்குப் பிடித்தது. குழந்தை எடை பார்க்கிற தட்டையான மெஷின் ஒன்றை வந்தவுடனே தரையில் வைத்து, அதன் மேல் புலி படுக்கிற துண்டை விரித்துவிட்டார். அவன் வாசனை உள்ள துண்டு, அவனே போய் உட்கார்ந்துகொண்டான். எண்ணைக் குறித்துக்கொண்டார், அவ்வளவுதான். இதயத்தைக் கேட்கும்போது புலி குர்குர் என்று சத்தம் போட்டதில் ஒன்றும் கேட்கவில்லை. "கிச்சன்ல குழாயைக் கொஞ்சம் திறந்து விடுங்க" என்றார். தண்ணீர்ச் சத்தம் கேட்டதும் காதைத் திருப்பிக்கொண்டு குர்குரை நிறுத்தினான், அந்த இடைவெளியில் கேட்டு முடித்தார். இடையில் சொன்னார், குர்குர் என்றால் சந்தோஷம் என்று முடிவு கட்டக்கூடாதாம், வலியிலும் பயத்திலும்கூடப் பூனை குர்குரும்.

ரத்தம் எடுத்தது அதே துண்டில். தலையையும் முன்பாதியையும் துண்டுக்குள் இருக்கவிட்டு, பின்னங்காலின் உள்பக்க ரத்தக்குழாயில் எடுத்தார், நான் முன்னால் உட்கார்ந்து ட்யூபிலிருந்து பிதுக்குகிற பூனைத் தீனியான மீன் கூழைக் கொஞ்சம் கொஞ்சமாக நக்கக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஸ்பிரிட் தடவியதும் காயும்வரை பொறுத்தார். பிடரியைத் தொடவே இல்லை. தாய்ப்பூனை பிடரியைக் கவ்வித் தூக்குகிறதே என்று கேட்டேன். அது சில வாரக் குட்டிக்கு, வளர்ந்த பூனைக்குப் பிடரியில் பிடி விழுவது சண்டையிலும் இணை சேரும்போதும்தான் என்றார். அசையாமல் இருப்பதை அமைதி என்று நாம் எடுத்துக்கொள்கிறோம், அது பயத்தில் உறைந்துபோன நிலையாகவும் இருக்கலாம். இது இவருடைய சொந்தக் கொள்கையும் இல்லை. அமெரிக்கப் பூனை மருத்துவர்கள் சங்கமும் சர்வதேசப் பூனை மருத்துவச் சங்கமும் சேர்ந்து 2011இல் பூனையைக் கையாள்வது எப்படி என்று ஒரு வழிகாட்டி போட்டார்கள், 2022இல் அதைப் புதுப்பித்தபோது பிடரிப் பிடி வேண்டாம் என்பதைத் தெளிவாகவே சொன்னார்கள். நாய்க்கும் பூனைக்கும் பயம் தராமல் வைத்தியம் பார்ப்பதைப் பற்றி அமெரிக்காவில் சோஃபியா யின் என்ற கால்நடை மருத்துவர் அதற்கு முன்பிருந்தே பேசிக்கொண்டிருந்தவர், 2014இல் இறந்துபோனார். நம் ஊரில் இதை யாராவது செய்கிறார்கள் என்றால், பெரும்பாலும் டாக்டர் தானாகத் தேடிப் படித்ததாகத்தான் இருக்கும்.

இரண்டாவது சம்பவம்தான் இந்தச் சேவையைப் பற்றி என் முடிவை உறுதி செய்தது. மேல் வீட்டில் டைல்ஸ் மாற்றினார்கள், காலை முதல் மாலை வரை டிரில் சத்தம். புலி சோபாவில் மூத்திரம் போனான், அப்புறம் பாத்ரூம் மிதியடியில், அப்புறம் துவைத்து மடித்து வைத்த புடவையில். "கொழுப்பு, வேற ஒண்ணுமில்ல" என்றார் அம்மா. டாக்டருக்கு மெசேஜ் போட்டதும் உடனே போன் வந்தது, வழக்கமாக அவர் சாயங்காலம்தான் பதில் போடுவார். அவருக்கு ஒரே ஒரு விஷயம்தான் தெரியவேண்டியிருந்தது: மூத்திரம் வெளியே வருகிறதா, இல்லையா? கடுவன் பூனைக்கு மூத்திரக் குழாய் ஒடுக்கம், அடைத்துக்கொண்டால் சிறுநீரகம் நின்று ரத்தத்தில் பொட்டாசியம் ஏறி ஓரிரு நாளில் உயிரே போய்விடும். பாக்ஸுக்குத் திரும்பத் திரும்பப் போய் முக்குவது, சொட்டுக்கூட வராமல் கத்துவது, அடியில் நக்கிக்கொண்டே இருப்பது, இதெல்லாம் இருந்தால் "எனக்காகக் காத்திருக்காதீங்க, இப்பவே ஆட்டோ பிடிச்சு ஆஸ்பத்திரிக்குப் போங்க" என்றார். வருகிறது, கொஞ்சம் கொஞ்சமாக என்று வீடியோ எடுத்து அனுப்பிய பிறகுதான் மறுநாள் காலை வருவதாகச் சொன்னார்.

இது பழிவாங்கலும் இல்லை, கொழுப்பும் இல்லை. பூனைக்கு மன அழுத்தத்தால் மூத்திரப்பை வீங்கி வலி வருகிற ஒரு வியாதி இருக்கிறது, இளவயதுப் பூனைகளில் கிருமியே இல்லாமல் வருவதுதான் அதிகம், அதனால் கண்ணை மூடிக்கொண்டு ஆன்டிபயாடிக் கொடுத்துப் பயனில்லை. ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் டோனி பஃபிங்டன் என்ற பேராசிரியர் பல வருடம் இதன் பின்னால் கிடந்து, பூனை வாழ்கிற சூழலை மாற்றுவதே வைத்தியத்தில் பெரிய பங்கு என்று காட்டினார். டாக்டர் வலிக்கு மருந்து எழுதினார், மூத்திரத்தை டெஸ்டுக்கு அனுப்பினார், மீதி நேரம் முழுக்க வீட்டைச் சுற்றிப் பார்த்தார். லிட்டர் பாக்ஸ் வாஷிங் மெஷின் பக்கத்தில் இருந்தது, அதை எடுக்கச் சொன்னார், மெஷின் சுற்ற ஆரம்பித்தால் பூனை அந்த இடத்தையே வெறுத்துவிடும். ஒரு பூனைக்கு இரண்டு பாக்ஸ், வேறு வேறு அறையில். தண்ணீரைச் சாப்பாட்டுத் தட்டை விட்டுத் தள்ளி வைக்கச் சொன்னார், ஈரச் சாப்பாட்டைக் கூட்டச் சொன்னார். பீரோ மேலே ஒரு அட்டைப்பெட்டி போட்டுவிடச் சொன்னார், டிரில் சத்தம் வரும்போது போய் ஒளிந்துகொள்ள. "செட்டியார் கடையிலிருந்து வந்த அரிசி அட்டைப்பெட்டியா வைத்தியம்?" என்று அம்மா கேட்டது வேறு கதை. சில நாளில் அடங்கியது. பூனை வாழ்கிற வீட்டைப் பார்க்காமல் இந்த வைத்தியத்தைக் கிளினிக்கில் உட்கார்ந்து எழுதிக் கொடுப்பது கஷ்டம், அந்த வாஷிங் மெஷினைப் பற்றி நாங்களே அங்கே சொல்லியிருக்க மாட்டோம்.

வலியைப் பற்றி ஒன்று. பூனை வலியை வெளியே காட்டாது, சின்ன விலங்கு, காட்டிக்கொடுத்தால் பெரிய விலங்குக்கு இரையாகும். ஆனால் முகத்தில் தெரியும். மான்ட்ரியல் பல்கலைக்கழகத்தார் 2019இல் இதற்கென்றே ஒரு அளவுகோல் போட்டார்கள்: காது எப்படித் திரும்பியிருக்கிறது, கண் எவ்வளவு இடுங்கியிருக்கிறது, முகவாய் இறுக்கம், மீசை விறைப்பு, தலை தோளுக்கு மேலா கீழா, இப்படி ஐந்து. ஒவ்வொன்றுக்கும் பூஜ்யத்திலிருந்து இரண்டு வரை மதிப்பெண், மொத்தம் பத்தில் நாலு வந்துவிட்டால் வலி மருந்தைப் பற்றி யோசிக்கவேண்டும். டாக்டர் இதை எங்களுக்கே படம் போட்டுக் காட்டினார், தினம் ஒரு போட்டோ எடுத்து அனுப்பச் சொன்னார், அதை வைத்துத்தான் மருந்தை நிறுத்தினார். (வலிக்கிறதே என்று வீட்டில் இருக்கிற பாராசிட்டமாலை உடைத்துக் கொடுத்துவிடாதீர்கள், பூனைக்கு அது விஷம், ஒரு மாத்திரையே கொல்லும்.) எதிர் ஃபிளாட்டில் ஒரு கிழட்டுப் பூனை இருக்கிறது, "வயசாயிடுச்சு, தூங்கிக்கிட்டே இருக்கு, முதுகுப் பக்கம் முடியெல்லாம் சிக்கு" என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அதையும் எட்டிப் பார்த்துவிட்டு மூட்டு வலியாக இருக்கலாம், எக்ஸ்ரே எடுங்கள் என்றார். பன்னிரண்டு வயதைத் தாண்டிய 100 பூனைகளின் எக்ஸ்ரேக்களைப் பார்த்த 2002 ஆய்வு ஒன்றில் 90 பூனைகளுக்கு மூட்டுத் தேய்மானம் தெரிந்தது. திரும்பி முதுகை நக்க முடியாததால்தான் சிக்கு விழுகிறது, நாம் அதை வயசு என்கிறோம்.

மணி கதை வேறு மாதிரி. தெருவில் வளர்ந்த நாய், பிடித்தால் கடிக்கக்கூடியவன் என்றுதான் எல்லோரும் நினைத்திருந்தோம். டாக்டர் கிட்டே போவதற்கு முன்னால் வாட்ச்மேன் அண்ணனிடம் நிறையக் கேட்டார்: "அண்ணா, இவன் ரெண்டு மூணு நாளா வழக்கத்துக்கு மாறா இருக்கானா? சாப்பிடறானா? குரல் மாறியிருக்கா? எச்சில் வழியுதா?" வெறிநோய்க்காகத்தான். வெறிநாய் என்றால் நுரை கக்கிக்கொண்டு ஓடி வரும் என்று சினிமா பார்த்து நினைக்கிறோம், சில நாய்களுக்கு அப்படி ஆகாது, ஒதுங்கிச் சோர்ந்து கிடக்கும், தாடை செயலிழந்து தொங்கும். தொண்டையில் எலும்பு மாட்டிக்கொண்டது என்று நினைத்துக் கையை உள்ளே விட்டுப் பார்க்கிறவர்கள்தான் மாட்டிக்கொள்வது. நாயின் வழக்கமான நடத்தை மாறியது என்பதுதான் அங்கே முதல் அறிகுறி, அது தினம் சோறு வைக்கிறவருக்குத்தான் தெரியும். நாய் கடித்தாலோ கீறினாலோ சோப்புப் போட்டுப் பதினைந்து நிமிடம் ஓடுகிற தண்ணீரில் கழுவிவிட்டு ஊசிக்கு ஓடவேண்டும் என்பதையும் அங்கே நின்ற பையன்களுக்குச் சொல்லிவிட்டுத்தான் வேலையைத் தொடங்கினார்.

மணிக்கு அன்று பிரச்சினை காது. டாக்டர் பக்கவாட்டில் உட்கார்ந்தார், நேருக்கு நேர் குனியவில்லை. கை காதுக்குக் கிட்டே போனதும் மணி உதட்டை நக்கினான், அப்புறம் கொட்டாவி விட்டான், முகத்தைத் திருப்பிக்கொண்டு கண்ணின் வெள்ளை தெரிகிற மாதிரி ஓரமாகப் பார்த்தான். எங்களுக்கு அதில் ஒன்றும் தெரியவில்லை, வாலைக்கூட ஆட்டிக்கொண்டுதானே இருந்தான். "வால் ஆடுதுன்னா சந்தோஷம்னு இல்ல, பரபரப்பா இருக்கான்னு மட்டும்தான் அர்த்தம்" என்று கையை எடுத்துவிட்டார். அவன் லேசாக உறுமியபோது வாட்ச்மேன் அண்ணன் "டேய்!" என்று அதட்ட, அதட்டாதீர்கள் என்றார். உறுமல் அவன் கொடுக்கிற எச்சரிக்கை, அதற்கு அடி விழுந்தால் அடுத்த முறை எச்சரிக்கை இல்லாமல் நேராகக் கடிதான். கோழித்துண்டு, காதுக்குக் கிட்டே கை, கோழித்துண்டு, காதைத் தொடுவது என்று போய்க்கொண்டே இருந்தது. பார்க்கிங்கில் கொசுக்கடியில் நின்றவர்களுக்குப் பொறுமை போய்விட்டது, காது மட்டும் சுத்தமாகிவிட்டது.

வாய்க்கூடு விஷயத்திலும் ஒன்று தெரிந்துகொண்டோம். துணியில் இறுக்கிக் கட்டுகிற வகையைப் போட்டால் நாய் வாயைத் திறந்து மூச்சு வாங்க முடியாது, நாய்க்கு உடம்புச் சூடு தணிவதே பெரும்பாலும் அதில்தான், மே மாத வெயிலில் அதைப் போட்டு வைத்தால் சூட்டிலேயே விழுந்துவிடும். கூடை மாதிரியான வகையில் மூச்சு வாங்கலாம், தண்ணீர் குடிக்கலாம், கம்பி வழியாகத் தீனியும் கொடுக்கலாம். அதையும் தேவைப்படுகிற அன்று எடுத்து மாட்டக்கூடாது, முன்னாடியே உள்ளே தீனி தடவி அவனே மூக்கை நுழைக்கப் பழக்கவேண்டும். தீபாவளிக்கும் அப்படித்தான், வெடி வெடிக்கிற அன்று ராத்திரி போன் செய்தால் யாராலும் ஒன்றும் செய்ய முடியாது. வெறும் மயக்க மருந்து மட்டும் கொடுத்தால் உடம்பு அசையாதே தவிர பயம் அப்படியே உள்ளே இருக்கும். பயத்தையே குறைக்கிற மருந்துகள் தனியாக இருக்கின்றன, அவற்றை முன்கூட்டியே பேசி அளவு பார்த்து வைத்துக்கொள்ளவேண்டும்.

இனி குறைகள். வீட்டுக்கு வருகிற டாக்டரின் பையில் எக்ஸ்ரே இருக்காது, ஸ்கேன் இருக்காது, ஆபரேஷன் கிடையாது, மூத்திர அடைப்பு மாதிரி அவசரத்துக்கு இவரை நம்பி உட்கார்ந்தால் பூனை பிழைக்காது. அதற்கெல்லாம் வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி ஆஸ்பத்திரி மாதிரிப் பெரிய இடம்தான். 1903இல் தொடங்கிய கல்லூரி, அங்கே இருக்கிற துறைகளும் கருவிகளும் ஒற்றை ஆளிடம் எப்படி இருக்கும்? நேரமும் இவரிடம் ஒரு தலைவலி. பதினொரு மணி என்றால் பன்னிரண்டரை, ஜிஎஸ்டி ரோடு டிராபிக் என்பார், அது உண்மையாகவும் இருக்கும், ஆனால் பூனையைப் பெட்ரூமில் அடைத்து வைத்துக்கொண்டு லீவு போட்டு உட்கார்ந்திருப்பவருக்கு அந்த உண்மையால் என்ன லாபம். ஞாயிற்றுக்கிழமை வரமாட்டார்.

இன்னொன்று, எங்கள் வீட்டில் இன்னும் சண்டை தீராதது. ஒருமுறை தடுப்பூசி போட வந்தவர், வாசலில் கொரியர்காரர் பெல் அடித்துப் புலி மிரண்டுபோனதைப் பார்த்துவிட்டு, "இன்னைக்கு வேண்டாம், அடுத்த வாரம் வரேன்" என்று கிளம்பிவிட்டார். ஊசி போடவில்லை, ஃபீஸ் வாங்கினார். அடுத்த வாரம் பாதிதான் வாங்கினார் என்றாலும் அம்மாவுக்கு ஆறவில்லை. அவசரமில்லாத ஊசியைத் தள்ளிப் போட்டது சரி என்றுதான் எனக்குப் படுகிறது, அன்று அமுக்கிப் பிடித்துப் போட்டிருந்தால் அதற்கப்புறம் அவர் குரல் கேட்டாலே புலி பீரோவுக்குப் பின்னால் போயிருப்பான். ஆனால் அந்த முதல் நாளுக்கு முழு ஃபீஸ் என்பதை போன் செய்யும்போதே சொல்லிவிடலாம்.

ஸ்கேனுக்காக வெளியே கொண்டுபோகவேண்டி வந்தபோது சொன்ன யோசனைகளும் வேலை செய்தன. கேரியரை ஹாலிலேயே திறந்து போட்டு வைத்தோம், துண்டும் தீனியும் உள்ளே, அது அவன் படுக்கிற இடமாகிவிட்டது. கெட்டியான பிளாஸ்டிக், மேல்மூடி தனியாகக் கழன்று வருகிற வகையாக வாங்குங்கள், பூனையை இழுத்து வெளியே எடுக்காமல் அடித்தட்டில் உட்காரவைத்தே பரிசோதிக்கலாம். துணிப்பை வகை பார்க்க அழகு, அவ்வளவுதான். ஃபெலிவே மாதிரியான பூனை ஃபெரோமோன் ஸ்ப்ரே (பூனையை அமைதிப்படுத்தும் என்று விற்கிற வாசனைப் பொருள்) விலை அதிகம், அதைப் பற்றிய ஆய்வுகளிலேயே ஒத்த முடிவு இல்லை, டாக்டரும் வற்புறுத்தவில்லை, நாங்கள் வாங்கவில்லை. கிளம்புவதற்கு முன்னால் கொடுக்கச் சொல்லி ஒரு மருந்து எழுதினார், காபாபென்டின், மனிதர்களுக்கு நரம்பு வலிக்குக் கொடுப்பது. அதே வகையைச் சேர்ந்த ப்ரீகாபலின் என்ற மருந்தைப் பூனைகளின் பயண, ஆஸ்பத்திரிப் பயத்துக்கென்றே அமெரிக்காவில் 2023இல் அனுமதித்தார்கள். அளவு டாக்டர் சொல்லித்தான், கூகிள் சொல்லி இல்லை. புலி கொஞ்சம் தள்ளாடினான், ஆனால் ஆட்டோவில் கத்தவில்லை.

உங்கள் பக்கம் இப்படி ஒருவரைத் தேடுகிறீர்கள் என்றால், முதலில் மாநிலக் கால்நடை மருத்துவக் கவுன்சில் பதிவு எண்ணைக் கேளுங்கள். 1984ஆம் ஆண்டுச் சட்டப்படி அந்தப் பதிவு இருந்தால்தான் வைத்தியம் பார்க்கலாம். நாய் பழக்குகிறவர், முடி வெட்டுகிறவர் எல்லாம் ஊசி போடுகிற காலம் இது. கேட்டால் கோபப்படுகிறவரை விட்டுவிடுங்கள். அப்புறம், போனில் "பூனை கடிக்குமா?" என்று மட்டும் கேட்கிறாரா, "எதற்குப் பயப்படும்?" என்றும் கேட்கிறாரா என்று பாருங்கள். வந்தவுடன் கையுறையோடு பூனையை நோக்கி நேராக நடக்கிறவருக்கு ஆயிரம் கொடுப்பது வீண், அதற்குக் கிளினிக்கே மலிவு.

ஸ்டார் கேட்டால் ஐந்துக்கு நாலு. குறைத்த ஒன்று நேரத்துக்கும் அந்த ஊசி போடாத நாளுக்கும். வரவழைக்கிற அன்று மட்டும் இரண்டைக் கவனியுங்கள்: அவர் வருவதற்குக் கொஞ்ச நேரம் முன்னாடி சாப்பாடு போடாதீர்கள், பசி இருந்தால்தான் அந்த மீன் கூழ் வேலை செய்யும், ஆனால் சர்க்கரை வியாதி உள்ள பூனை என்றால் அதையும் டாக்டரிடம் கேட்டுவிட்டுச் செய்யுங்கள். கட்டில் உள்ள அறையின் கதவைச் சாத்திவிடுங்கள், அடியில் போய்ப் படுத்துவிட்டால் விளக்குமாற்றால் குத்தி வெளியே எடுக்கவேண்டி வரும், அப்புறம் அந்த ஆயிரம் ரூபாய்க்கும் அர்த்தமில்லை.